முதல் வாரத்துப் பிணம்

மூக்குக்குக் கீழே ஒரு விரல்.

சின்ன விரல்தான். பல்பமும் மாம்பழமும் கலந்த வாசனை. கோடை விடுமுறையில் ஒரு மத்தியானம். கீழ்க்கட்டளையில் நாங்கள் குடியிருந்த மாடி வீட்டில், தரையை ஈரத்துணியால் துடைத்துவிட்டு, அந்தக் குளிர்ச்சிக்காகப் பாய்கூட விரிக்காமல் படுத்திருந்தேன். தூங்கிவிட்டேன் போலிருக்கிறது. கண்ணைத் திறந்தால், பக்கத்தில் என் மகள் வித்யா குத்துக்காலிட்டு உட்கார்ந்திருக்கிறாள். அப்போது அவளுக்கு ஐந்து வயது. விரலை என் மூக்குக்குக் கீழே பிடித்தபடி, உதட்டை இறுக்கி மூடிக்கொண்டு, பெரிய டாக்டர் மாதிரி முகத்தை வைத்துக்கொண்டிருந்தாள்.

"என்னடி பண்றே?"

"ஒண்ணுமில்ல" என்று எழுந்து போய்விட்டாள்.

மறுநாளும் வந்தாள். அதற்கு மறுநாளும் வந்தாள். பள்ளிக்கூடம் திறந்த பிறகு சனி, ஞாயிறுகளில் வந்தாள். நான் அதை விளையாட்டு என்று நினைத்தேன். நான் பள்ளிக்கூட டீச்சர். நாற்பது பிள்ளைகளின் முகத்தைப் பார்த்தே யார் வீட்டுப் பாடம் எழுதவில்லை என்று சொல்லிவிடுவேன். பெற்ற பெண்ணின் விரல் என்ன கேட்கிறது என்று மட்டும் எனக்குத் தெரியவில்லை.

போன வாரம் கீழ்க்கட்டளை வீட்டின் தண்ணீர்ச் சண்டைகளை எழுதியிருந்தேன் அல்லவா? அதைப் படித்துவிட்டு, அந்தக் காலனியில் அப்போது இருந்த ஒரு பெண்மணி பத்திரிகைக்குக் கடிதம் போட்டிருக்கிறார். "டி.வி.யில் பிணமாக வந்தீர்களே, அதை எப்போது எழுதுவீர்கள்?" என்று கேட்டிருக்கிறார்.

இப்போது எழுதலாம். போன வருடம் வரை எழுதியிருக்க முடியாது.

அஞ்சு நிமிஷம் போதும்க்கா

தனியார் தொலைக்காட்சிகள் வந்து கொஞ்ச நாள்தான் ஆகியிருந்தது. எங்கள் வீட்டின் கீழ்ப் பகுதி காலியாகக் கிடந்தது. அதை வீட்டுக்காரர் ஒரு துப்பறியும் தொடரின் படப்பிடிப்புக்கு இரண்டு நாள் விட்டிருந்தார். வாரம் ஒரு நாள் வரப்போகிற தொடர். அதன் முதல் எபிசோடு.

காலையிலேயே வேன் வந்து நின்றுவிட்டது. எங்கள் தெருவில் யாரும் அன்றைக்கு ஒழுங்காகச் சமைக்கவில்லை. நானும் பள்ளிக்கு அரை நாள் லீவு போட்டுவிட்டு மாடிப்படியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

கதை இதுதான். வீட்டில் தனியாக இருக்கும் ஒருத்தி காபியில் விஷம் கலந்து கொல்லப்படுகிறாள். சமையலறைத் தரையில் கிடக்கிறாள். அந்தப் பிணமாகப் படுக்க வரவேண்டிய பெண் வரவே இல்லை. அடுத்த வாரம் அவளுடைய அண்ணனுக்குக் கல்யாணமாம். கல்யாண வீட்டுப் பெண் பிணமாகப் படுப்பதா என்று வீட்டில் தடுத்துவிட்டார்களாம்.

படப்பிடிப்புக்கு ஆட்களையும் சாமான்களையும் ஏற்பாடு செய்தவன் மணி. அவன் எங்கள் தெருமுனையில்தான் குடியிருந்தான். படியில் நின்ற என்னைப் பார்த்தான். நேராக மேலே ஏறி வந்தான்.

"அக்கா, உனக்குக் கோடி புண்ணியம். ஒரு அஞ்சு நிமிசம் அப்டியே படுத்துக்கினா போதும்க்கா."

"நானா? எனக்கு நடிப்பெல்லாம் வராதுப்பா."

"இன்னாக்கா நீ, செத்தவளுக்கு இன்னா நடிப்பு? மூஞ்சிகூடத் தெரியாது. முதுவு மட்டும்தான். சத்தியமா."

மறுத்திருக்கலாம். ஆனால் உண்மையைச் சொல்கிறேன், எனக்கு ஆசையாக இருந்தது. முப்பது வயது. காலையில் எழுந்து சமைத்து, பஸ் பிடித்து, கரும்பலகையில் எழுதி, மாலையில் திரும்பி வந்து மறுபடி சமைக்கிற வாழ்க்கை. அதில் ஒரு நாள் யாரோ விளக்கு வெளிச்சத்தில் படுக்கச் சொல்கிறார்கள். சரி என்றேன்.

என் கணவர் அலுவலகத்தில் இருந்தார். வித்யா பள்ளியில் இருந்தாள். கேட்க ஆளில்லை.

படுத்தேன். அஞ்சு நிமிஷம் மூன்று மணி நேரமாக நீண்டது. கன்னத்தில் தரையின் சிமெண்டு உறுத்தியது. யாரோ என் உதட்டில் நீலத்தைப் பூசினார்கள். கண்ணைப் பாதி திறந்து வைத்துக்கொள்ளச் சொன்னார்கள். கண்ணைக் கேட்கும்போதே எனக்கு உறைத்திருக்க வேண்டும், முதுகு மட்டும் இல்லை என்று.

எடுத்து முடித்ததும் எல்லோரும் கைதட்டினார்கள். ஒரு பிளாஸ்டிக் டம்ளரில் டீ கொடுத்தார்கள். அவ்வளவு ருசியான டீயை நான் பிறகு குடித்ததில்லை.

வியாழக்கிழமை

ஒளிபரப்பான வியாழக்கிழமை சாயங்காலம் எங்கள் வீட்டில் இருபது பேராவது இருந்திருப்பார்கள். ஜன்னலுக்கு வெளியே நாலு பேர். நான் நடுவில் உட்கார்ந்திருந்தேன். வித்யா என் மடியில். அவள் வயிற்றின் மேல் என் இரண்டு கைகளையும் கோத்துப் பிடித்திருந்தேன்.

முதல் காட்சி ஒரு பள்ளிச் சிறுமி. புத்தகப் பையோடு வருகிறாள். கதவு திறந்திருக்கிறது. "அம்மா" என்கிறாள். பதில் இல்லை. உள்ளே போகிறாள். சமையலறையில் அம்மா தரையில் படுத்திருக்கிறாள். தூங்குகிறாள் என்று நினைத்துப் பக்கத்தில் உட்காருகிறாள்.

அப்போது திரை முழுக்க என் முகம். நீல உதடு. பாதி திறந்த கண்.

"ஐயோ, உமா டீச்சரு!" என்று ஒரே கூச்சல். சிரிப்பு. யாரோ விசிலடித்தார்கள். நானும் வெட்கமும் பெருமையுமாகச் சிரித்தேன்.

வித்யா அழவில்லை. மடியில் உட்கார்ந்தபடியே திரும்பினாள். என் தாடையைப் பிடித்துத் தன் பக்கம் திருப்பிப் பார்த்தாள். பிறகு மறுபடி திரையைப் பார்த்தாள். "அம்மாதாண்டி அது, எப்படி இருக்கேன்?" என்று கேட்டேன். குழந்தை பிரமிப்பில் இருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

அந்த எபிசோடு முடிந்த விதத்தைப் பற்றித்தான் ஊரே பேசியது. இன்றைக்கும் அந்த வயதுக்காரர்களிடம் கேட்டால் சொல்வார்கள். கடைசிக் காட்சியில் கதை, இன்ஸ்பெக்டர் வருவதற்கு முன்னால், சிறுமி அம்மா பக்கத்தில் உட்கார்ந்த நேரத்துக்கே திரும்புகிறது. கொலையாளி சமையல் மேடையில் ஒரு தட்டு வைத்துவிட்டுப் போயிருக்கிறான். தட்டில் முறுக்கு. பசியோடு வந்த சிறுமி அதை எடுத்துக்கொண்டு, செத்துக் கிடக்கும் அம்மா பக்கத்தில் உட்கார்ந்து, நறுக்கென்று கடிக்கிறாள். அந்தச் சத்தத்தோடு படம் உறைந்து நிற்கிறது. அடுத்த வாரம்.

முறுக்கில் விஷம் இருக்கிறதா, இல்லையா? பஸ்ஸில், ரேஷன் கடையில், எங்கள் ஆசிரியர் அறையில், ஒரு வாரம் முழுக்க இதே பேச்சு. தொடர் அதற்குப் பிறகு பல வருடம் ஓடியது. அந்த ஒரு கடிக்கு நிகராக எதையும் அவர்களால் எடுக்க முடியவில்லை என்பார்கள்.

வித்யா அன்றிலிருந்து முறுக்கைத் தொடுவதில்லை. பல் கூசுகிறது என்பாள். நாங்கள் நம்பினோம்.

உயிரோட கீறியே!

மறுநாள் வெள்ளிக்கிழமை பல்லாவரம் சந்தைக்குப் போனேன். கத்திரிக்காய் பொறுக்கிக்கொண்டிருந்தபோது கடைக்கார அம்மாள் என்னையே பார்த்தாள்.

"யம்மா, நீ நேத்திக்கி டிவில செத்துட்டல்ல?"

"ஆமாம்மா."

"உயிரோட கீறியே!" என்று பக்கத்துக் கடைக்கெல்லாம் கேட்கும்படி கத்தினாள். பத்துப் பேர் கூடிவிட்டார்கள். ஒரு கிழவர் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "யாரு கொன்னான்னு உனக்குத் தெரியுமா?" என்று ரகசியமாகக் கேட்டார். அந்த அம்மாள் கத்திரிக்காயோடு ஒரு கைப்பிடி கறிவேப்பிலையை அள்ளிப் போட்டாள். "பாவம், சின்ன வயசுல பூட்டே. எடுத்துக்கினு போ."

சந்தையில் நான் நட்சத்திரம். வீட்டில் வேறு கதை.

என் நாத்தனார் செங்கல்பட்டிலிருந்து ரயிலேறி வந்துவிட்டார். செருப்பைக்கூடக் கழற்றாமல் வாசலிலேயே ஆரம்பித்தார்.

"ஒரு சுமங்கலி போய்ப் பொணமாப் படுப்பாளா உமா? என் தம்பி நல்லா இருக்கிறது உனக்குப் பிடிக்கலையா?"

"செத்தது நான்தானே அண்ணி, உங்க தம்பி இல்லையே" என்றேன். சொல்லியிருக்கக் கூடாது. அன்றைக்கு அவர் எங்கள் வீட்டில் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை.

பரிகாரமாக நாலு சனிக்கிழமை சிங்கப்பெருமாள் கோவிலுக்குப் போய் நரசிம்மருக்கு விளக்குப் போட வேண்டும் என்று தீர்ப்பானது. போனோம். பெருமாள் மலையிலேயே குடைந்த சன்னதியில் இருப்பதால், அவரைச் சுற்ற வேண்டுமென்றால் மலையையே சுற்ற வேண்டும். அந்த வெயிலில் வித்யா என் புடவைத் தலைப்பைக் கையில் சுற்றிக்கொண்டு நடந்தாள். தூக்கிக்கொள்கிறேன் என்றால் வேண்டாம் என்றாள். தலைப்பை மட்டும் விடவில்லை.

இன்னொரு தீர்ப்பும் ஆனது. இனி அந்தத் தொடர் எங்கள் வீட்டில் ஓடக் கூடாது. அதனால் இரண்டாவது வாரத்தை நாங்கள் பார்க்கவில்லை. எனக்கு மணி வந்து கதையைச் சொல்லிவிட்டான். வித்யாவுக்கு யாரும் சொல்லவில்லை. அவள் கேட்கவும் இல்லை.

நான் செய்த தப்பு

இந்தப் பகுதியை நான்கு முறை எழுதி நான்கு முறை கிழித்தேன்.

விரல் வைத்துப் பார்க்கிற பழக்கம் ஆரம்பித்து ஒரு மாதம் ஆகியிருக்கும். ஒரு ஞாயிறு மத்தியானம், என் கணவர் ஏதோ அவசர வேலை என்று அலுவலகம் போயிருந்தார், நான் அரைத் தூக்கத்தில் இருந்தேன். அவள் வரும் காலடி கேட்டது. எனக்கு என்ன தோன்றியதோ, விளையாடலாம் என்று மூச்சை அடக்கிக்கொண்டேன். விரல் வந்தது. நின்றது. நான் உள்ளுக்குள் சிரித்துக்கொண்டே, 'பே' என்று எழுந்து பயமுறுத்தலாம் என்று எண்ணிக்கொண்டிருந்தேன்.

விரல் போய்விட்டது. காலடி போய்விட்டது. படியில் இறங்குகிற சத்தம்.

எழுந்து ஓடினேன். அவள் செருப்பில்லாமல் தெருவில் இறங்கி, எதிர் வீட்டுக் கதவைத் தட்டிக்கொண்டிருந்தாள். கதவைத் திறந்தவரிடம் அவள் சொன்னது எனக்குத் தெளிவாகக் கேட்டது. அழுகை இல்லை, பதற்றம் இல்லை. கடையில் சர்க்கரை இல்லை என்று வந்து சொல்வாளே, அதே குரல்.

"எங்கம்மா செத்துட்டாங்க. அப்பாவுக்கு ஃபோன் பண்ணுங்க."

அள்ளிக்கொண்டேன். "அம்மா இருக்கேன்டி, அம்மா சும்மா விளையாடினேன்டி" என்று எத்தனை முறை சொன்னேனோ. அவள் உடம்பு கட்டை மாதிரி விறைத்திருந்தது. வெகுநேரம் கழித்து ஒரே ஒரு கேள்வி கேட்டாள்: "எப்பவும் சும்மாதானா?"

ஆமாம் என்றேன். வேறு என்ன சொல்வேன்?

அதற்குப் பிறகு விரல் வைத்துப் பார்க்க அவள் வரவே இல்லை. பயம் தெளிந்துவிட்டது என்று நானும் என் கணவரும் நிம்மதியானோம். அது எவ்வளவு பெரிய மடத்தனம் என்று தெரிய எனக்கு முப்பது வருடம் பிடித்தது.

சாவி இருந்தும்

பிறகு கிழக்குத் தாம்பரத்தில் வீடு வாங்கிக்கொண்டு வந்துவிட்டோம். வித்யா படித்தாள், பொறியாளர் ஆனாள். சிங்கப்பெருமாள் கோவில் பக்கம் வண்டி உதிரிபாகங்கள் செய்கிற தொழிற்சாலையில் வேலை. தாம்பரத்திலிருந்து தினம் செங்கல்பட்டு வண்டி. கல்யாணத்தைப் பற்றிக் கேட்டால் "பாக்கலாம்" என்பாள். நாங்களும் நெருக்கவில்லை.

அவளிடம் சில பழக்கங்கள் இருந்தன. கையில் சாவி இருந்தும் அழைப்பு மணியை அடிப்பாள். உள்ளேயிருந்து நான் "வர்றேன்" என்று குரல் கொடுத்த பிறகுதான் சாவியைப் போட்டுத் திறப்பாள். நான் கதவருகே போவதற்குள் அவளே உள்ளே வந்துவிடுவாள். "அப்புறம் எதுக்குடி மணியடிக்கிறே?" என்று கேட்டால் சிரிப்பாள். காலையில் வண்டி ஏறியதும் ஒரு ஃபோன். மத்தியானம் ஒரு ஃபோன். கிளம்பும்போது ஒரு ஃபோன். "சாப்டியா?" என்பதற்கு மேல் பேச்சிருக்காது. என் தோழிகள் எல்லாம், "உனக்குக் கொடுத்து வெச்சிருக்கு உமா, என் பையன் மாசத்துக்கு ஒரு தடவை பேசினா ஜாஸ்தி" என்பார்கள். நான் பெருமையாகத் தலையாட்டுவேன்.

போன வருடம் அவளோடு வேலை செய்யும் சுபா என்கிற பெண், தன் கல்யாணப் பத்திரிகை கொடுக்க வீட்டுக்கு வந்தாள். வித்யா குளித்துக்கொண்டிருந்தாள். நான் காபி கலந்து எடுத்துக்கொண்டு வந்ததும் அந்தப் பெண் பதறி எழுந்தாள்.

"ஐயோ ஆன்ட்டி, நீங்க ஏன் எழுந்து வர்றீங்க? உடம்பு இப்ப எப்படி இருக்கு?"

"எனக்கென்னம்மா, நல்லாத்தான் இருக்கேன்."

அவள் முகம் மாறியது. சொல்லலாமா வேண்டாமா என்று விழித்தாள். பிறகு மெதுவாகச் சொன்னாள். "இல்ல ஆன்ட்டி, புனே பிளான்ட்டுக்கு வித்யாவை ஹெட்டா போகச் சொல்லி மூணு தடவை கேட்டாங்க. அம்மாவுக்கு உடம்பு சரியில்ல, விட்டுட்டுப் போக முடியாதுன்னு சொல்லிட்டா. இது கடைசி தடவை. மாசக் கடைசிக்குள்ள சொல்லலைன்னா வேற ஆளைப் போட்டுடுவாங்க."

அன்று காலையில்தான் நான் ஏரிக்கரையை மூன்று சுற்று நடந்துவிட்டு வந்திருந்தேன்.

அடுத்த வண்டி

மறுநாள் சனிக்கிழமை. அவளுக்கு வேலை நாள். "நானும் சிங்கப்பெருமாள் கோவிலுக்கு வர்றேன், ரொம்ப நாளாச்சு" என்று சொல்லி அவளோடு ஸ்டேஷனுக்குப் போனேன். பிளாட்பாரத்தில் ஒரு பெஞ்சு காலியாக இருந்தது. உட்கார்ந்ததும் கேட்டேன்.

"எனக்கு என்னடி வியாதி?"

அவள் தண்டவாளத்தைப் பார்த்தாள். "சுபா சொன்னாளா?"

"நீ சொல்லு."

"வண்டி வருதும்மா."

"அடுத்த வண்டில போ."

வண்டி வந்து நின்றது, ஆட்கள் ஏறினார்கள், போய்விட்டது. அவள் கைப்பையின் வாரை முறுக்கிக்கொண்டே இருந்தாள்.

"கதவைத் திறக்கும்போது தோணும்மா. நீ கிச்சன்ல கீழ கிடப்பேன்னு. தினமும் தோணும். மணியடிச்சு, நீ 'வர்றேன்'னு சொன்னப்புறம்தான் எனக்குக் கால் நகரும். புனேலேர்ந்து எப்படிம்மா மணியடிக்கிறது?"

எனக்குப் புரிய ஒரு நிமிஷம் ஆனது.

"அந்த சீரியலா?"

"ம்."

"அது நடிப்புன்னு உனக்கு..."

"தெரியும்மா. அன்னிக்கே தெரியும். உன் மடியிலதானே இருந்தேன். உன் கை என் வயித்து மேல இருக்கு. டிவியில நீ செத்துக் கிடக்கறே. எல்லாரும் சிரிக்கிறாங்க. எனக்கு ரெண்டுமே நிஜமாத்தான் இருந்துச்சு."

எத்தனையோ கேட்க நினைத்தேன். அதற்குள் அவளே கேட்டாள்.

"அந்தப் பொண்ணுக்கு என்னம்மா ஆச்சு?"

"எந்தப் பொண்ணு?"

"முறுக்கு தின்னாளே."

"அவளுக்கு ஒண்ணும் ஆகலையே. முறுக்குல ஒண்ணுமே இல்ல. அடுத்த வாரம் அவதான் கொலைகாரனை அடையாளம் காட்டுவா."

வித்யா என்னைத் திரும்பிப் பார்த்தாள். "இத்தனை வருஷமா ஏன் சொல்லல?"

"நீ கேக்கவே இல்லையேடி."

"கேட்டா செத்துட்டான்னு சொல்லிடுவியோன்னு பயம்."

இரண்டாவது வண்டியும் போய்விட்டது. நான் அவளிடம் அந்த ஞாயிற்றுக்கிழமைக்காக மன்னிப்புக் கேட்டேன். மூச்சை அடக்கிக்கொண்டு படுத்திருந்தேனே, அதற்கு. அவளுக்கு அது நன்றாக நினைவிருந்தது. "நீ விளையாடினேம்மா, உனக்குத் தெரியாது" என்றாள். அதோடு, நாலு மாதமாகக் குரோம்பேட்டையில் ஒரு மனநல மருத்துவரைப் பார்த்துக்கொண்டிருப்பதாகவும் சொன்னாள். ஓவர் டைம் என்று சொன்ன செவ்வாய்க்கிழமைகள் எல்லாம் அதுதான். "அவங்கதான் சொல்றாங்க, அம்மாகிட்ட பேசுங்கன்னு. எனக்கு எங்க ஆரம்பிக்கிறதுன்னு தெரியல."

மூன்றாவது வண்டியில் ஏறிப் போனாள். நான் கோவிலுக்குப் போகவில்லை. வீட்டுக்கு வந்து என் கணவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். துடைத்துக்கொண்டே இருந்தார்.

பதினோராவது நிமிஷம்

அந்த எபிசோடைத் தேடிக் கண்டுபிடித்தது அவர்தான். இரண்டு நாள் கணினி முன்னால் உட்கார்ந்திருந்தார். பழைய தொடர்களில் பைத்தியமான யாரோ ஒருவர் இணையத்தில் ஏற்றி வைத்திருக்கிறார். வீட்டு டி.வி.யிலிருந்து கேசட்டில் பதிவு செய்தது. படம் முழுக்கக் கோடு ஓடுகிறது.

"பாக்கலாமா?" என்று வித்யாவிடம் கேட்டேன். வேண்டாம் என்றாள். இரண்டு வாரம் அந்தப் பேச்சை நான் எடுக்கவில்லை. மருத்துவரிடம் கேட்டாளோ என்னவோ, மாதக் கடைசிக்கு நாலு நாள் இருக்கும்போது, ஒரு ஞாயிறு காலை டிபன் முடிந்ததும் தானாகவே வந்து உட்கார்ந்தாள். "போடுங்கப்பா."

சிறுமி வந்தாள். "அம்மா" என்றாள். வித்யா என் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். என் முகம் வந்தது. முப்பது வயது முகம். நானே அதைப் பார்த்துப் பல வருடம் ஆகிவிட்டது. நீல உதடு இப்போது சிரிப்பாக இருந்தது, இங்க் குடித்த மாதிரி. ஆனால் வித்யாவின் பிடி இறுகியது. முறுக்குத் தட்டு வந்ததும் "போதும், நிறுத்துங்க" என்றாள். எழுந்தேவிட்டாள்.

நிறுத்தினார். எனக்கு, ஏன் போட்டோம் என்று ஆகிவிட்டது. ஆற வேண்டிய புண்ணைக் கீறிவிட்டோமே.

என் கணவர் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். படத்துக்குக் கீழே பார்த்தவர்கள் எழுதியிருக்கும் குறிப்புகளை அவர் படிக்க ஆரம்பித்துவிட்டார். அவருக்கு அது ஒரு வியாதி. தினசரியில் வரி விளம்பரம் வரை படிப்பார்.

"என்னமோ எழுதியிருக்காங்க பாரு. 'பதினோராவது நிமிஷம் பாருங்க, பிணம் மூச்சு விடுது'ங்கறான் ஒருத்தன். அதுக்குக் கீழ இன்னொருத்தன், 'அக்காவுக்கு நல்ல ஆரோக்கியம், கண்ணுகூடச் சிமிட்டறாங்க'ங்கறான்."

எனக்குச் சுருக்கென்றது. அன்றைக்கு டைரக்டர் என்னை இதற்காகத்தான் அத்தனை முறை திட்டினார். "மூச்சும்மா, மூச்சு!" என்று கத்திக்கொண்டே இருந்தார். கடைசியில் வெளிச்சம் போய்விட்டது. இருப்பதில் நல்லதை வைத்துக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டார்கள்.

வாசல் வரை போன வித்யா திரும்பி வந்தாள். "எங்க?"

பதினோராவது நிமிஷத்துக்கு ஓட்டினார். இன்ஸ்பெக்டர் சமையலறைக்குள் வருகிறார். ஏதோ வசனம் பேசுகிறார். பின்னால் தரையில் நான். கோடு கோடாக ஓடும் அந்தப் படத்தில், என் பச்சைப் புடவையின் கொசுவம் மெதுவாக மேலே ஏறியது. இறங்கியது. மறுபடி ஏறியது.

"திருப்பிப் போடுங்கப்பா."

போட்டார்.

"இன்னொரு தடவை."

அவள் தரையில் உட்கார்ந்துவிட்டாள். முகத்தைத் திரைக்கு மிக அருகே கொண்டுபோனாள். எத்தனை முறை பார்த்தாள் என்று நாங்கள் எண்ணவில்லை. இன்ஸ்பெக்டர் வசனம் எங்களுக்கு மனப்பாடமாகிவிட்டது. அதற்குப் பிறகு ஒரு இடத்தில் என் கால் கட்டைவிரல் ஆடியது. ஈயோ எறும்போ. அதைப் பார்த்ததும் வித்யா சிரித்தாள். சிரிப்பு பெரிதாகிக்கொண்டே போய், ஒரு கட்டத்தில் அழுகையாகிவிட்டது. வாயைத் திறந்து, சத்தம் போட்டு அழுதாள். ஐந்து வயதில் அழ வேண்டிய அழுகை. நான் பக்கத்தில் உட்கார்ந்து முதுகைத் தடவிக்கொண்டிருந்தேன். என் கணவர் எழுந்து போய்த் தண்ணீர் கொண்டுவந்தார். கொடுக்க மறந்துவிட்டு, சொம்பைக் கையில் வைத்துக்கொண்டே நின்றார்.

"முதல்லேர்ந்தே உயிரோடதான் இருந்திருக்கே" என்றாள் மூக்கை உறிஞ்சிக்கொண்டே. "நான் சரியாப் பாக்கல."

"குழந்தை எங்கடி பார்க்கும்? அந்த மூஞ்சியைப் பெருசாக் காமிச்சா மூஞ்சியைத்தான் பார்க்கும்."

பிறகு நாங்கள் மூவரும் இரண்டாவது வாரத்தைத் தேடினோம். கிடைத்தது. முறுக்குத் தின்ற சிறுமி இன்ஸ்பெக்டர் மேஜைமேல் உட்கார்ந்துகொண்டு காலை ஆட்டியபடி சாட்சி சொன்னாள். வித்யா அதை மட்டும் எதுவும் பேசாமல், கடைசிப் பெயர் ஓடி முடியும் வரை பார்த்தாள்.

புனே

ஒரே நாளில் எல்லாம் சரியாகிவிட்டது என்று எழுதினால் அது பொய். அடுத்த நாளும் மணியடித்துவிட்டுத்தான் உள்ளே வந்தாள். செவ்வாய்க்கிழமை குரோம்பேட்டைக்குப் போனாள். இம்முறை எங்களிடம் சொல்லிவிட்டுப் போனாள். மாதக் கடைசி நாள் மாலை, ஆபீஸிலிருந்தே ஃபோன் செய்து, "சரின்னு சொல்லிட்டேம்மா" என்றாள்.

கிளம்பும் நாள் ஏர்போர்ட்டில் என் நாத்தனாரும் வந்திருந்தார். எண்பதை நெருங்கிவிட்டார். விஷயம் எல்லாம் அவருக்கும் தெரிந்துவிட்டது. என்னைத் தனியே இழுத்து, "நான்தான் ரெண்டாவது வாரம் பார்க்க விடாமப் பண்ணிட்டேன் உமா" என்றார். கண் கலங்கியிருந்தது. "படுத்தது நான் அண்ணி" என்றேன். முப்பது வருடத்தில் நாங்கள் இருவரும் ஒன்றாகப் பழியைப் பங்கு போட்டுக்கொண்டது அன்றுதான்.

முதல் வாரம் புனேயிலிருந்து ஒரு நாளைக்கு ஐந்து ஃபோன் வந்தது. நடு ராத்திரியில் வரவில்லை, அதுவரை நல்லது. இரண்டாவது வாரம் மூன்றானது. அந்த ஊர் மராத்திப் பெண்மணி ஒருத்தி அவளுக்கு வீட்டின் கீழ்ப் பகுதியை வாடகைக்கு விட்டிருந்தாள். ஆபீஸில் நாற்பது பேர் இவள் சொல்வதைக் கேட்டு வேலை செய்கிறார்கள். பேச விஷயம் இருந்தது. "சாப்டியா?" என்பதற்குப் பதில் "இங்க என்ன ஆச்சு தெரியுமா?" என்று ஆரம்பித்தாள்.

மூன்று மாதம் ஆகியிருக்கும். ஒரு சனிக்கிழமை முழுக்க ஃபோன் வரவில்லை.

என் கணவருக்கு இருப்புக் கொள்ளவில்லை. மத்தியானமே ஆரம்பித்துவிட்டார். "என்னன்னு ஒரு தடவை கேட்டுடேன்."

"வேணாம்."

"ஏதாவது ஆயிருந்தா?"

"ஏதாவது ஆயிருந்தா அந்த மராத்தியம்மா கூப்பிடுவாங்க. ஃபோனை வெச்சுட்டுப் பேப்பரைப் படிங்க."

ஃபோனைச் சமையலறை மேடையில் வைத்துவிட்டு, அதைப் பார்க்காமல் வெண்டைக்காய் நறுக்கினேன். வேண்டியதற்கு மேல் நறுக்கினேன்.

ஞாயிறு காலை பத்தரைக்கு வந்தது. பின்னால் ஒரே சத்தம். பஸ் ஹார்ன், பெண்களின் சிரிப்பு.

"அம்மா! நேத்து ஆபீஸ் பசங்களோட இங்க பக்கத்துல ஒரு மலைக்கோட்டைக்கு வந்தோம். சாரிம்மா, கூப்பிடவே மறந்துட்டேன்."

"மறந்துட்டியா?"

"சுத்தமா மறந்துட்டேன்மா. கோபமா?"

கோபமா! இதைக் கேட்கத்தான் நான் காத்திருந்தேன் என்று அவளுக்கு எப்படிச் சொல்வது? "ஜாக்கிரதையாப் போய்ட்டு வா" என்று மட்டும் சொன்னேன். அவள் வேறு யாருக்கோ மராத்தியில் பதில் சொல்லிக்கொண்டே ஃபோனை வைத்துவிட்டாள்.

என் கணவர் வாசற்படியில் நின்று, "என்னவாம்? ஏன் கூப்பிடலையாம்?" என்றார்.

"மறந்துட்டாளாம்" என்றேன். சொல்லும்போதே எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "உங்க பொண்ணு நம்மளை ஒரு நாள் முழுக்க மறந்துட்டாளாம்!"